பிக்பாக்கெட்காரரின் எண்பது வருடம்

இரண்டாம் உலகப்போர்க்கால அகதிகளை வைத்து ஹாலிவுட்டில் எடுத்த காசாபிளாங்கா படம் பார்த்தவர்களுக்கு அந்த பிக்பாக்கெட் ஆளை ஞாபகம் இருக்கும், பெயர்தான் தெரியாது. படம் தொடங்கிக் கொஞ்ச நேரத்திலேயே, வெயில் கொளுத்தும் ஒரு காஃபிக்கடை வாசலில், ஒரு ஆங்கிலேயத் தம்பதி மேசை போட்டு உட்கார்ந்திருப்பார்கள். போலீஸ்காரர்கள் அகதிகளைப் பிடித்து வண்டியில் ஏற்றிக்கொண்டிருப்பார்கள். ஒல்லியாக, குள்ளமாக, நல்ல கோட்டு சூட்டில் ஒருவர் வந்து, என்ன நடக்கிறதென்று அவர்களுக்குப் பொறுமையாக விளக்குவார். ஊரெல்லாம் பிணந்தின்னிக் கழுகுகள், ஜாக்கிரதையாக இருங்கள் என்று அந்த மனிதரின் நெஞ்சில் கைவைத்து அக்கறையாகச் சொல்லிவிட்டுப் போய்விடுவார். அவர் போன பிறகுதான் ஆங்கிலேயர் சட்டைப்பையைத் தடவிப் பார்த்து, அடடா, பர்ஸை ஓட்டலிலேயே வைத்துவிட்டேன் போலிருக்கிறது என்பார். அவ்வளவுதான். மொத்தமாகப் பார்த்தால் ஒரு நிமிடம் தேறும்.

நான் அந்தப் படத்தை முதன்முதலில் பார்த்தபோது கல்லூரியில் படித்துக்கொண்டிருந்தேன். கதாநாயகன் போகார்ட்டையும் கதாநாயகி பெர்க்மனையும் பார்க்கவே நேரம் போதவில்லை, பிக்பாக்கெட்காரர் யாரென்று யார் யோசிப்பார்கள்? அப்புறம் பல வருடம் கழித்து ஜெர்மன் இயக்குநர் விம் வெண்டர்ஸின் விங்ஸ் ஆஃப் டிசையர் பார்த்தேன். அதில் ஹோமர் என்று ஒரு கிழவர் வருவார். பெர்லின் சுவரை ஒட்டிய பொட்டல்காட்டில், புல்லும் சேறும் மண்டிக் கிடக்கிற இடத்தில், தடியை ஊன்றிக்கொண்டு போட்ஸ்டாமர் பிளாட்ஸ் எங்கே, எங்கே என்று தேடிக்கொண்டு நடப்பார். அந்தக் காட்சி என்னை என்னவோ செய்தது. படம் முடிந்து பெயர்கள் ஓடியபோது குர்ட் போய்ஸ் என்று படித்தேன். படித்து மறந்தும் போனேன்.

இரண்டு பேரும் ஒருவரே என்று தெரிந்தது வெகு சமீபத்தில்தான். வேறு எதையோ தேடப் போய் இதில் விழுந்தேன், அப்புறம் ஒரு மாதம் இவரைத் தவிர வேறு எதையும் படிக்கவில்லை. வீட்டில் எல்லோரும் சலித்துக்கொண்டார்கள், அது வேறு கதை.

சரி, முதலில் இருந்து வருகிறேன். போய்ஸ் பிறந்தது 1901 ஏப்ரல் 5, பெர்லினில், ஒரு யூதக் குடும்பத்தில். அக்கா இல்சே போய்ஸும் பின்னாளில் பெயர் வாங்கிய கபரே நகைச்சுவைக் கலைஞர். இவர் முதல் படத்தில் தலைகாட்டியது 1907-இல், ஆறு வயதில். சாப்ளின் முதல் படம் நடித்ததே 1914-இல்தான் என்பதை ஒரு பேச்சுக்கு ஞாபகம் வைத்துக்கொள்ளுங்கள். மறு வருடம், 1908-இல், பெர்லினின் தியேட்டர் டெஸ் வெஸ்டென்ஸ் என்ற அரங்கில் லியோ ஃபால் இசையமைத்த ஒரு ஆப்பரெட்டாவில், அதாவது பாட்டும் வசனமும் கலந்த இசைநாடகத்தில், ஹைனர்லே என்கிற சிறுவனாக நடித்தார். அதில் சந்தைக்குப் போகும் சிறுவன், அது வேண்டும் இது வேண்டும் என்று அம்மாவை நச்சரிப்பான். ஹைனர்லே, கையில் காசில்லையடா என்று அம்மா திரும்பத் திரும்பப் பாடுவாள். ஜெர்மன் பேசும் ஊர்களில் அந்தப் பாட்டு அந்தக் காலத்தில் சக்கைபோடு போட்டது. இந்த அரங்கத்தின் பெயரையும் மறந்துவிடாதீர்கள், கடைசியில் வேலை இருக்கிறது.

குழந்தை நட்சத்திரங்களில் பாதிப்பேர் மீசை முளைத்ததும் காணாமல் போய்விடுவார்கள். போய்ஸ் போகவில்லை. 1919-இல், பதினெட்டு வயதில், எர்ன்ஸ்ட் லூபிட்ஷின் 'சிப்பி இளவரசி' என்ற ஊமைப்படத்தில் ஒரு கல்யாண விருந்துக் காட்சியில் வாத்தியக் குழுவை நடத்துகிறவராக வந்தார். இதை மட்டும் தயவுசெய்து தேடிப் பாருங்கள். விருந்தில் திடீரென்று ஃபாக்ஸ்ட்ராட் நடனம் ஒரு தொற்றுநோய் மாதிரி பரவுகிறது. விருந்தாளிகள், பரிமாறுகிறவர்கள், அடுப்படியில் இருக்கிறவர்கள் என்று ஒருவர் பாக்கியில்லாமல் ஆடுகிறார்கள். வாத்தியக் குழுவில் ஒருத்தர் மரத்தை ரம்பத்தால் அறுத்துத் தாளம் போடுகிறார், இன்னொருத்தர் கன்னத்தில் அறை விழுவது ஒரு வாத்தியம். இவ்வளவுக்கும் நடுவில் அந்தப் பையன் இடுப்பை வெட்டிவெட்டி, பின்பக்கத்தை ஆட்டி, உடம்பு முழுவதையும் கோலாக்கித் தாளம் காட்டிக்கொண்டிருக்கிறான். சத்தமே இல்லாத படத்தில் பாட்டுக் கேட்கிறது. நான் மிகைப்படுத்தவில்லை, உண்மையிலேயே கேட்கிறது.

அவருடைய சொத்து அந்த உடம்புதான், குறிப்பாகக் கால்கள். 1920-களில் பெர்லின் கபரே மேடைகளில் அவர் பாடிப் பேர் வாங்கிய பாட்டு ஒன்றின் பெயரே 'நான் எல்லாவற்றையும் கால்களாலேயே செய்கிறேன்'. கபரே என்றவுடன் நம் பழைய படங்களில் வில்லன் உட்கார்ந்து குடிக்கிற இடம் மனதில் வந்தால் அதை அழித்துவிடுங்கள். பெர்லின் கபரே என்பது பாட்டு, நையாண்டி, அரசியல் கிண்டல், சொல்விளையாட்டு எல்லாம் கலந்த ஒரு மேடை. அங்கே நிற்கிறவருக்கு நாக்கும் வேண்டும், காலும் வேண்டும். போய்ஸிடம் இரண்டும் இருந்தன. 'சார்லியின் அத்தை' நாடகத்தில் பெண்வேடம் கட்டி அரங்கை அதிரவைத்தார். 1926-இல் 'தங்க வண்ணத்துப்பூச்சி' என்று ஒரு ஊமைப்படத்தில் நடித்தார், அதை இயக்கியவர் ஹங்கேரியிலிருந்து வந்த மிஹாலி கெர்ட்டேஸ். இவர்தான் பின்னால் அமெரிக்கா போய் மைக்கேல் கர்ட்டிஸ் என்று பெயரை மாற்றிக்கொண்டு காசாபிளாங்காவை இயக்கினார். ஆக, அந்த ஒரு நிமிட பிக்பாக்கெட் வேடத்தைக் கொடுத்தவருக்கும் வாங்கியவருக்கும் பதினாறு வருடப் பழக்கம்.

1927-இல் 'பாப்பன்ஹைமின் ஃபூர்ஸ்ட்' என்று ஒரு படம். ஃபூர்ஸ்ட் என்றால் ஜெர்மனில் கோமான். ஆனால் கதாநாயகன் கோமானெல்லாம் இல்லை, பாப்பன்ஹைம் என்கிற துணிக்கடையில் வேலை பார்க்கிறவன், குடும்பப் பெயர் ஃபூர்ஸ்ட், அதுதான் நகைச்சுவை. இதில் போய்ஸ் பெண்ணுடை உடுத்தி மாடலாக நடந்து காட்டுவார். கள்ளம் கபடமில்லாத கேலிக்கூத்து. யார் மனதையும் புண்படுத்தாத ஒரு காட்சி.

இந்தத் துண்டைத்தான் நாஜிகள் எடுத்துக்கொண்டார்கள். 1940-இல் ஃபிரிட்ஸ் ஹிப்ளர் இயக்கிய 'நிரந்தர யூதன்' என்ற பிரச்சாரப் படத்தில், யூதர்கள் எப்படியெல்லாம் ஜெர்மன் கலாச்சாரத்தைக் கெடுத்தார்கள் பாருங்கள் என்று சாட்சி சொல்வதற்காகப் பழைய படங்களிலிருந்து வெட்டி ஒட்டிய காட்சிகளில், குர்ட் போய்ஸ் பெண்ணுடையில் வருகிற இதுவும் இருந்தது. பதிமூன்று வருடத்துக்கு முன் அதே நாட்டு மக்கள் காசு கொடுத்து டிக்கெட் வாங்கிச் சிரித்த காட்சி. கூடவே இன்னும் இரண்டு யூத நடிகர்கள், பீட்டர் லோரியின் துண்டும் கர்ட் கெரோனின் துண்டும். லோரி அப்போது ஹாலிவுட்டில் பத்திரமாக இருந்தார். கெரோன் நெதர்லாந்தில் மாட்டிக்கொண்டு, 1944 அக்டோபரில் ஆஷ்விட்ஸில் கொல்லப்பட்டார்.

போய்ஸ் தப்பித்தது நேரத்தோடு கிளம்பியதால். ஹிட்லர் வந்ததும் பெர்லினை விட்டு, ஐரோப்பாவில் ஊர் ஊராக அலைந்து, 1934-இல் நியூயார்க் போய்ச் சேர்ந்தார். கொஞ்ச நாள் பிராட்வே நாடக மேடை, பிறகு 1937-இலிருந்து ஹாலிவுட்.

இங்கேதான் எனக்கு மனசு கனக்கிறது. முப்பத்திரண்டு வயது வரைக்கும் ஒரு மொழியின் சந்துபொந்தெல்லாம் தெரிந்து, அதில் எந்த எழுத்தை இழுத்தால் சிரிப்பு வரும், எதை விழுங்கினால் கைதட்டல் வரும் என்று அணு அணுவாகக் கற்றவன், திடீரென்று இன்னொரு மொழியில் 'வெளிநாட்டுக்காரன்' என்ற ஒரே வேடத்துக்குள் அடைபட்டால் என்ன செய்வான்? ஹாலிவுட்டுக்கு ஐரோப்பிய உச்சரிப்பு தேவைப்பட்டது, எந்த ஐரோப்பா என்பது அவர்களுக்கு முக்கியமில்லை. ஹாலிவுட் ஹோட்டல் படத்தில் உடை வடிவமைப்பாளர், தி கிரேட் வால்ட்ஸில் வியன்னாக்காரர், ஹன்ச்பேக் ஆஃப் நோட்ரடாமில் பாரிஸ் மாணவர், பிரின்சஸ் ஓரூர்க்கில் ஒரு பிரபு. 1950-இல் வந்த ஒரு கடற்கொள்ளைக்காரர் படத்தில் இங்கிலாந்து ராஜா இரண்டாம் சார்லஸ்கூட ஆனார். வேடங்களுக்குப் பஞ்சமில்லை. ஆனால் எல்லாமே கதவைத் திறந்து வந்து, நாலு வரி பேசி, கதவைச் சாத்திவிட்டுப் போகிற வேடங்கள்.

இதில் ஒரு விதிவிலக்காக எனக்குத் தோன்றுவது 1949-இல் மாக்ஸ் ஓஃபுல்ஸ் இயக்கிய 'காட்' (Caught). ஓஃபுல்ஸும் ஜெர்மனியிலிருந்து ஓடிவந்தவர்தான். ஒரு பைத்தியக்காரக் கோடீஸ்வரனின் எடுபிடியாக, ஃபிரான்ஸி என்ற பாத்திரத்தில் போய்ஸ் வருவார். எஜமானுக்காக ஆள் பிடித்துக் கொடுப்பது, பியானோவில் உட்கார்ந்து எதையாவது வாசித்துக்கொண்டே அவமானத்தை விழுங்குவது. வாயைத் திறந்தால் 'டார்லிங்' என்பார், அந்த டார்லிங்கில் ஒரு துளி அன்பு கிடையாது. இனிமேல் முடியாது என்று ஒரு இடத்தில் எஜமானிடமிருந்து விலகி எழுந்து போவார் பாருங்கள், அந்த ஆள் மேல் நமக்கு மரியாதையே வந்துவிடும். இவருக்கு இந்த மாதிரி இன்னும் நாலு வேடம் கொடுத்திருந்தால் என்ன குறைந்து போயிருக்கும் என்று எனக்குக் கோபம்தான் வந்தது.

திரும்பவும் காசாபிளாங்காவுக்கு வருகிறேன். 1942 கோடையில் எடுத்தார்கள். படத்தின் தொடக்கத்தில் பெயர் போட்ட நடிகர்கள் பதினான்கு பேர். அதில் அமெரிக்காவில் பிறந்தவர்கள் மூன்றே பேர்தான்: போகார்ட், டூலி வில்சன், ஜாய் பேஜ். மற்றவர்கள் எங்கெங்கிருந்தோ வந்தவர்கள், அதில் பலர் ஹிட்லரால் ஓடிவந்தவர்கள். பெயர் போடாத சின்ன வேடங்களிலும் அப்படிப்பட்டவர்கள் நிறைய. ஜெர்மன் மேஜராக நடித்த கான்ராட் ஃபைட் நாஜிகளை வெறுத்து ஜெர்மனியை விட்டு வெளியேறியவர், மனைவி யூதர். அமெரிக்கா போகப் போகிறோம், இனி ஆங்கிலத்திலேயே பேசுவோம் என்று தப்புத்தப்பாக மணி கேட்டுக்கொள்ளும் அந்த வயதான ஜோடி, லுட்விக் ஸ்டோசலும் இல்கா குரூனிங்கும், இருவரும் நிஜமாகவே அப்படி வந்து சேர்ந்தவர்கள். அந்தப் பதினான்கு பெயர்களில் கடைசிப் பெயர் குர்ட் போய்ஸ்.

இது தெரிந்த பிறகு அந்த பிக்பாக்கெட் காட்சியைத் திரும்பப் போட்டுப் பார்த்தேன். பின்னணியில் பயணக் காகிதம் இல்லாத அகதிகளைப் பிடித்து வண்டியில் ஏற்றுகிறார்கள். முன்னால் நின்று, அகதிகளைப் பிடிக்கிறார்கள் சார் என்று ஒன்றும் தெரியாத சுற்றுலாக்காரருக்கு விளக்கிச் சொல்கிற ஆள், நிஜத்தில் காகிதத்துக்காக அலைந்த ஒரு அகதி. அவர் முகத்தில் அதற்கான எந்தத் தடயமும் இல்லை. விரல்கள் என்ன செய்கின்றன என்று நானும் நாலைந்து தடவை நிறுத்தி நிறுத்திப் பார்த்தேன், பர்ஸ் போன கணத்தைப் பிடிக்க முடியவில்லை. அப்புறம் கதாநாயகன் ரிக்கின் மதுக்கடைக்குள் ஒரு தடவை பரிசாரகர் கார்ல் மேல் மோதி மன்னிப்புக் கேட்பார். கார்ல் பதறிப்போய்த் தன் பைகளையெல்லாம் தட்டிப் பார்ப்பார். கார்லாக வருகிற சாகால், புடாபெஸ்டிலிருந்து பெர்லின் வந்து சம்பாதித்து, அங்கிருந்து துரத்தப்பட்டவர். இரண்டு பழைய பெர்லின் நகைச்சுவைக்காரர்கள், கலிஃபோர்னியாவில் போட்ட ஒரு மொராக்கோ செட்டுக்குள், மூன்று நொடி மோதிக்கொள்கிறார்கள்.

போர் முடிந்தது. அமெரிக்காவில் தஞ்சம் புகுந்திருந்த ஜெர்மன் நாடகாசிரியர் பிரெக்ட்டை 1947 அக்டோபரில் அமெரிக்க நாடாளுமன்றக் குழு கூப்பிட்டு விசாரித்தது, மறுநாளே அவர் விமானம் ஏறிவிட்டார். போய்ஸ் 1950-இல் திரும்பினார், கிழக்கு பெர்லினுக்கு. பிரெக்ட்டின் நாடகக் குழுவான பெர்லினர் ஆன்சாம்பிளில் 'புன்டிலாவும் அவன் வேலையாள் மட்டியும்' நாடகத்தில் புன்டிலா வேடம் கிடைத்தது. குடித்தால் தங்கமான மனிதன், தெளிந்தால் ராட்சசன், அப்படி ஒரு பண்ணையார். பதினாறு வருடமாக நாலு வரி பேசிக் கதவைச் சாத்திக்கொண்டிருந்தவருக்கு நாடகம் முழுக்கத் தாய்மொழி. பிரேசில்காரரான ஆல்பர்ட்டோ கவல்காண்டி 1955-இல் அதை வியன்னாவில் படமாகவும் எடுத்தார், அதிலும் போய்ஸ்தான் புன்டிலா. பெரிய தொந்தியும் தொப்பியுமாக ஒரு பண்ணையாரை எதிர்பார்த்துப் போனால், அந்தச் சின்ன உடம்பில் போதை காலிலிருந்து மேலே ஏறுவதைப் பார்க்கலாம். அதே வருடம் கிழக்கு ஜெர்மனியின் டெஃபா நிறுவனத்துக்காக ஒரு நகைச்சுவைப் படத்தை இயக்கவும் செய்தார். ஆனால் அங்கேயும் நிலைக்கவில்லை. 1950-களின் நடுவில் மேற்கு பெர்லினுக்கு மாறிவிட்டார். 1961-இல் நடுவில் சுவர் எழும்பியது.

அதற்குப் பிறகு மேற்கு ஜெர்மனியில் சுமார் இருபத்தைந்து வருடம் மேடை, கொஞ்சம் சினிமா, நிறையத் தொலைக்காட்சி. 1960-இல் வந்த ஸ்பெஸார்ட் பேய்மாளிகைப் படத்தில் ஒரு பேயாக வருவார். நன்றாக ஓடிய படம், எனக்கு அவ்வளவாகப் பிடிக்கவில்லை. அந்தக் காலத்து ஜெர்மன் தொலைக்காட்சி முழுநீள நாடகங்களைத் தயாரித்து ஒளிபரப்பிக்கொண்டிருந்தது, மேடையில் பழகிய நடிகர்களுக்கு அங்கே எப்போதும் வேலை இருந்தது. வீட்டுக்கூடத்தில் உட்கார்ந்து பார்த்தவர்களில் எத்தனை பேருக்கு இவர் பழைய போய்ஸ் என்று தெரிந்திருக்கும்? சின்ன வயசுக்காரர்களுக்குச் சுத்தமாகத் தெரிந்திருக்காது. நாஜிகள் பன்னிரண்டு வருடம் அவர் படங்களைத் திரையிலிருந்தே அகற்றிவிட்டால், நடுவில் ஒரு தலைமுறையே போய்விடுகிறது இல்லையா.

1980-இல் சுயசரிதை ஒன்று வெளியிட்டார். 'உண்மையாயிருக்க முடியாத அளவுக்கு அழகு' என்று ஜெர்மனியில் ஒரு வழக்கு உண்டு. அதைத் திருப்பிப் போட்டு 'அழகாயிருக்க முடியாத அளவுக்கு உண்மை' என்று தலைப்பு வைத்தார். கபரேக்காரர் நாக்கு அந்த வயதிலும் மழுங்கவில்லை.

அடுத்த வருடம் சுவிஸ் இயக்குநர் மார்க்குஸ் இம்ஹூஃபின் 'படகு நிறைந்துவிட்டது'. போர்க்காலத்தில் எல்லை தாண்டி சுவிட்சர்லாந்துக்குள் வந்த சில அகதிகள், சின்னக் குழந்தை உள்ள குடும்பம் என்றால் தங்கவிடுவார்கள் என்று கேள்விப்பட்டு, சம்பந்தமே இல்லாதவர்கள் ஒரு குடும்பமாக நடிக்கிறார்கள். போய்ஸ் அதில் வியன்னாவைச் சேர்ந்த யூதத் தாத்தா. காசாபிளாங்காவில் அகதிகளுக்கு நடுவே அகதியல்லாத ஆளாக நடித்தவர், நாற்பது வருடம் கழித்து, எண்பது வயதில், அகதியாகவே நடித்தார். அந்தப் படத்தில் வருகிற ஆளுக்குத் தப்பிக்க வழி கிடைக்கவில்லை.

1982-இல் இரண்டு நடிகர்கள் இவரையும் இன்னொரு முதிய நடிகரான பெர்ன்ஹார்ட் மினெட்டியையும் வைத்து 'நினைவு' என்ற ஆவணப்படத்தை எடுத்தார்கள். புரூனோ கான்ஸ், ஓட்டோ சாண்டர். தெரிந்த பெயர்களாக இருக்கிறதா? ஐந்து வருடம் கழித்து விங்ஸ் ஆஃப் டிசையரில் தேவதைகளாக வருகிற அதே இரண்டு பேர். முதலில் கேமராவோடு பக்கத்தில் உட்கார்ந்து கிழவரின் பேச்சைக் கேட்டார்கள், பிறகு சாண்டர் தேவதையாகவே அவர் பின்னால் நடந்தார். நூலகத்தில் கிழவர் மூச்சுவாங்கப் படியேறும்போதும், பொட்டலில் தடுமாறி நடக்கும்போதும் சாண்டர் அவரை விட்டு நகர்வதில்லை. நடிப்பு எங்கே முடிகிறது, அன்பு எங்கே தொடங்குகிறது என்று எனக்குப் பிரிக்கத் தெரியவில்லை.

அந்தப் பொட்டல் காட்சி. போருக்கு முன் பெர்லினிலேயே நெரிசலான சந்திப்பாக இருந்தது போட்ஸ்டாமர் பிளாட்ஸ். குண்டுவீச்சிலும் பிறகு சுவரிலும் அது இல்லாமலே போய்விட்டது. இங்கேதான் யோஸ்டி காஃபிக்கடை இருந்தது, பிற்பகலில் வந்து காப்பி குடித்துக்கொண்டு கூட்டத்தை வேடிக்கை பார்ப்பேன் என்று ஹோமர் நினைத்துப் பார்க்கிறார். அப்புறம் திடீரென்று எங்கும் கொடிகள் தொங்கின, ஜனங்களின் முகத்தில் சிநேகம் போய்விட்டது என்கிறார். பிறகு யாரோ தூக்கிப் போட்ட ஒரு பழைய சாய்வுநாற்காலி அந்தப் புல்வெளி நடுவில் கிடக்க, அதில் உட்கார்ந்துகொள்கிறார். இது கதாபாத்திரத்தின் நினைவுதான், ஆனால் அந்த ஊரில் 1901-இல் பிறந்து அந்தக் கொடிகளைப் பார்த்ததும் ஊரைவிட்டுப் போனவர் அல்லவா அங்கே உட்கார்ந்திருப்பது.

மூன்று படத்தையும் ஒரே ராத்திரியில் வரிசையாகப் பார்த்தபோது எனக்கு ஒன்று தோன்றியது. 1919-இல் ஊமைப்படம், வாயே கேட்காது. 1942-இல் வாய் கேட்கிறது, ஆனால் இரவல் மொழி. 1987-இல் கடைசியில் சொந்த ஊர், சொந்த மொழி, பக்கம் பக்கமாக வசனம், ஆனால் உதடு அசைவதே அபூர்வம். தேவதைகளுக்கு மட்டும் கேட்கிற மனக்குரலாகத்தான் அவர் பேச்சு முழுக்க வருகிறது. அப்போதும் முன்னால் நிற்பது அந்த உடம்புதான். அந்த நடையைப் பாருங்கள். தடி இருக்கிறது, முதுகு வளைந்திருக்கிறது, ஆனால் காலை எடுத்து வைக்கிற விதத்தில் ஒரு சின்னத் துள்ளல், ஃபாக்ஸ்ட்ராட் நடத்திய பையனுடையது. எனக்கு மட்டும் தெரிகிறதோ என்னவோ.

இந்த வேடத்துக்காக 1988-இல், முதன்முதலாகக் கொடுக்கப்பட்ட ஐரோப்பியத் திரைப்பட விருதுகளில், சிறந்த துணை நடிகர் விருது அவருக்கு. விழா நடந்த நாள் நவம்பர் 26. காசாபிளாங்கா நியூயார்க்கில் முதன்முதலில் திரையிடப்பட்டதும் ஒரு நவம்பர் 26-தான், 1942-இல். விழா நடந்த இடம் பெர்லினின் தியேட்டர் டெஸ் வெஸ்டென்ஸ். காசு கேட்டு அம்மாவை நச்சரிக்கிற சிறுவனாக ஏழு வயதில் அவர் ஏறி நின்ற அதே அரங்கம். கதையில் எழுதினால் ரொம்ப ஓவர் என்று எடிட்டர் அடித்துவிடுவார்.

அவர் இறந்தது 1991 கிறிஸ்துமஸ் அன்று, பெர்லினில். சுவர் அதற்கு முன்பே போய்விட்டிருந்தது. போட்ஸ்டாமர் பிளாட்ஸ் மட்டும் அப்போதும் பொட்டலாகத்தான் கிடந்தது, கட்ட ஆரம்பித்திருக்கவில்லை.